வாழையிலைக் கட்டு

என் மாமியாருக்கு மார்பில் புண் இருப்பது எனக்கு மூக்கு வழியாகத்தான் முதலில் தெரிந்தது. வீட்டுக்குள் எலி செத்துக் கிடக்கிறது என்று நினைத்தேன். இரண்டு நாள் தேடினேன். கம்பு மூட்டைகளை நகர்த்திப் பார்த்தேன், பரண் மேல் ஏறிப் பழைய சாக்குகளை எல்லாம் உதறினேன். அத்தை வாசற்படியில் உட்கார்ந்து நான் தேடுவதைப் பார்த்துக்கொண்டே இருந்தார். மூன்றாம் நாள் காலை, சோளம் புடைத்துக்கொண்டிருந்தவர் எழுந்து என்னைத் தாண்டிப் போனபோது, அந்த நாற்றமும் அவருடனேயே எழுந்து போனது.

எங்கள் ஊர் கச்சிராயபாளையத்துக்குப் பக்கத்தில், கல்வராயன் மலை தொடங்குகிற இடத்தில் இருக்கிறது. அத்தைக்கு அப்போது ஐம்பத்தைந்து வயது இருக்கும். இளம் வயதிலேயே மாமா இறந்துவிட, மூன்று ஏக்கர் நிலத்தைக் குத்தகைக்கு எடுத்துக் கரும்பு போட்டு, ஒரே மகனைப் பன்னிரண்டாவது வரை படிக்க வைத்தவர். அந்த மகன்தான் என் கணவர். எனக்குப் பத்தாவது வரை படிப்பு. எதைப் பார்த்தாலும் ஏன், எப்படி என்று கேட்கிற பழக்கம் எனக்கு உண்டு. அதனால் அத்தை என்னைக் கேள்விக்காரி என்றுதான் கூப்பிடுவார்.

அன்று மத்தியானம், பின்பக்கம் கீற்று மறைப்புக்குள் அவர் குளிக்கப் போனபோது நானும் பின்னாலேயே போய் நின்றேன்.

"இன்னாத்துக்கு இங்க வந்து நிக்கற?"

"அத்தை, எங்க புண்ணு?"

சொம்பைக் கீழே வைத்தார். பிறகு சேலையை இறக்கினார். இடது மார்பு ஒரு காலிஃபிளவர் வெடித்ததுபோல இருந்தது. நடுவில் கருப்பு, ஓரத்தில் ஈரச் சிவப்பு. உள்ளே வைத்திருந்த கந்தல் துணி ஒட்டிக்கொண்டிருந்தது. எனக்கு முதலில் வந்தது பயம் இல்லை. இன்னும் கிட்டப் போய், அது எங்கே தொடங்கி எங்கே முடிகிறது என்று பார்க்கவேண்டும் போலிருந்தது. அப்படித் தோன்றியதே பிறகு வெட்கமாகிவிட்டது.

"பாத்துட்டியா? போதுமா?" என்று சேலையை ஏற்றிக்கொண்டார். "அவங்கிட்ட சொல்லாத."

சொன்னேன். சொல்லாமல் எப்படி இருப்பது? கள்ளக்குறிச்சியில் ஒரு டாக்டரிடம் போனோம். அவர் பாண்டிச்சேரிக்கு எழுதிக் கொடுத்தார். அங்கே பெரிய ஆஸ்பத்திரியில் நாலு நாள் வைத்துப் பார்த்துவிட்டு, என் கணவரை மட்டும் தனியே கூப்பிட்டு, காலம் கடந்துவிட்டது, வீட்டில் வைத்துப் பார்த்துக்கொள்ளுங்கள் என்றார்கள். எப்படிப் பார்த்துக்கொள்வது என்று அவர்கள் சொல்லவில்லை. இவருக்கும் கேட்கத் தோன்றவில்லை. திரும்பி வரும் பஸ்ஸில் அவர் அம்மாவிடம், "சாதாரண கட்டிதாம்மா, ஆறிடும்" என்றார். அத்தை ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

வீட்டுக்கு வந்ததும் தன் பாயைச் சுருட்டிக்கொண்டு, உர மூட்டை வைக்கிற பின்னறைக்குப் போனார். யாரும் போகச் சொல்லவில்லை. போகவேண்டாம் என்றும் யாரும் சொல்லவில்லை. நான் சாப்பாட்டைக் கொண்டுபோய் வைத்துவிட்டு, மூச்சைப் பிடித்துக்கொண்டு வெளியே வந்துவிடுவேன். என் கணவர் தட்டை எடுத்துக்கொண்டு தெருப்பக்கம் போய்ச் சாப்பிடுவார். பக்கத்து வீட்டுப் பெண்கள் களை எடுக்கப் போகும்போது அத்தையைக் கூப்பிடுவதை நிறுத்திக்கொண்டார்கள். மூன்று மாதம் இப்படிப் போனது.

மலையில் இருந்த சுகாதார நிலையத்துக்கு அப்போது ஒரு நர்ஸ் வந்திருந்தார். மலையிலேயே பிறந்தவர், என்னைவிட நாலைந்து வயது சின்னவர். வியாழக்கிழமை கீழே இறங்கி வந்து, கர்ப்பிணிகளைப் பார்த்துவிட்டுப் போவார். ஒரு வியாழக்கிழமை எங்கள் வாசலைக் கடந்தவர் நின்று, திரும்பி, உள்ளே வந்தார்.

"அக்கா, யாருக்குப் புண்ணு?"

நான் பின்னறையைக் காட்டினேன். அவர் மூச்சைப் பிடிக்கவில்லை, முந்தானையால் மூக்கை மூடவும் இல்லை. நேராகப் போய் அத்தையின் பாயிலேயே உட்கார்ந்துவிட்டார். எனக்கு அது ஆச்சரியமாக இருந்தது. அன்று அவர் கிளம்பும்போது கேட்டேன், எப்படி முடிந்தது என்று. நர்ஸ் படிப்பு முடித்ததும் ஒரு மிஷன் ஆஸ்பத்திரியில் இரண்டு வருஷம் இந்த மாதிரிப் புண்களுக்கு மட்டுமே கட்டுப் போட்டாராம். "மொத அஞ்சு நிமிஷம் கஷ்டம் அக்கா. அப்பறம் மூக்கு பழகிடும். நீங்க அந்த அஞ்சு நிமிஷத்துக்குள்ள வெளிய ஓடி வந்துடறீங்க."

அது உண்மைதான். அடுத்த நாள் எண்ணிப் பார்த்தேன். மூக்கு பழக ஐந்து நிமிஷம்கூட ஆகவில்லை.

அவர் செய்ததை நான் பக்கத்திலேயே நின்று பார்த்தேன். எப்போதாவது துணி மாற்றும்போது நான் கந்தலை அவசரமாகப் பிய்த்து எடுப்பேன், ரத்தம் வரும், அத்தை பல்லைக் கடிப்பார். அவர் பிய்க்கவில்லை. தண்ணீரைக் கொதிக்க வைத்து, உப்புப் போட்டு, ஆறவைத்து, கட்டின் மேல் சொட்டுச் சொட்டாக விட்டுக்கொண்டு பேசிக்கொண்டே இருந்தார். கால் மணி நேரத்தில் துணி தானாகக் கழன்று வந்தது. அதே உப்புத் தண்ணீரை ஊற்றிக் கழுவினார். அதன் பிறகு தன் பையிலிருந்து நாலு மாத்திரை எடுத்துக் காகிதத்தில் வைத்து, கரண்டிக்காம்பால் நுணுக்கி, மாவுபோல் ஆக்கிப் புண்ணின் மேல் தூவினார்.

"இது சீதபேதிக்குத் தர்ற மாத்திரை இல்ல?" என்றேன். எங்கள் வீட்டிலும் அதே அட்டை இருந்தது.

"அதேதான். நாத்தம் புண்ணுலேர்ந்து வரல அக்கா. புண்ணுக்குள்ள குடியிருக்கிற கிருமிலேர்ந்து வருது. இது அதுங்கள சாவடிக்கும்."

"அப்ப புண்ணு ஆறிடுமா?"

அவர் அத்தையைப் பார்த்தார். "ஆறாது. ஆனா நாறாது."

அத்தை அதைக் கேட்டுக்கொண்டுதான் இருந்தார்.

அந்தத் தூளைத் தினமும் நான் போட்டேன். பழைய வேட்டிகளைக் கிழித்துச் சதுரமாக வெட்டி, பழைய இட்லிப் பானை ஒன்றை அதற்கென்றே ஒதுக்கி, ஆவியில் வேகவைத்து எடுத்துக் கட்டினேன். ஐந்தாம் நாள் காலை பின்னறைக்குள் நுழைந்தபோது யூரியா வாசனை அடித்தது. அந்த அறையில் யூரியா மூட்டை இருப்பதே அன்றைக்குத்தான் என் மூக்குக்குத் தெரிந்தது. "அத்தை!" என்று கத்தினேன். அவர் கட்டுக்கு மேல் மூக்கை வைத்து உறிஞ்சிப் பார்த்தார். எழுந்தார், பாயைச் சுருட்டினார், கூடத்துக்கு வந்து ஜன்னலோரம் போட்டுக்கொண்டார். பக்கத்து வீட்டுப் பெண்ணைக் கூப்பிட்டு, "வெத்தல இருந்தா குடுடி" என்றார்.

வலி வேறு கதை. டாக்டர் கொடுத்த மாத்திரையை வலி தாங்க முடியாதபோது மட்டும் கொடுத்துக்கொண்டிருந்தோம். ஜாஸ்தி கொடுத்தால் கேட்காமல் போய்விடும் என்று பயம். நர்ஸ் வேறு மாதிரி சொன்னார். "வலி வந்தப்பறம் தொரத்தாதீங்க. வர்றதுக்கு முன்னாடியே கதவ சாத்திடுங்க. ஆறு மணி நேரத்துக்கு ஒண்ணு, வலி இருந்தாலும் இல்லாட்டியும்."

வலி இல்லாதபோது எதற்கு மாத்திரை? எனக்கு நம்பிக்கை வரவில்லை. என் பழைய கணக்கு நோட்டு ஒன்றை எடுத்து, பழைய முறையில் மூன்று நாள், புதிய முறையில் மூன்று நாள் என்று எழுதிப் பார்த்தேன். வலி எப்போது வந்தது, எவ்வளவு நேரம் இருந்தது. எவ்வளவு என்பதை எழுத ஒரு வழி வேண்டியிருந்தது. அத்தையே சொன்னார்: "எறும்பு, தேளு, அருவா. மூணே மூணு எழுது." பழைய முறையில் ஒரு நாளைக்கு நாலு தேள், ஓர் அரிவாள். புதிய முறையில் எறும்புகள்தான், ஒரே ஒரு தேள். மொத்த மாத்திரை ஒன்றுதான் கூடியிருந்தது. நோட்டை நர்ஸிடம் காட்டியபோது அவர் இரண்டு தடவை படித்துவிட்டு, "மலம் கட்டிக்கும், அதுக்கு வெளக்கெண்ண குடுங்க, அதையும் எழுதுங்க" என்றார்.

இன்னொரு வியாழக்கிழமை அத்தை அவரைக் கேட்டார், "நர்சம்மா, ஒண்ணு கேக்கறன். இது இன்னா சீக்கு?"

நான் பதறிப்போய் நர்ஸுக்குக் கண்ணைக் காட்டினேன். அவர் என்னைப் பார்க்கவே இல்லை.

"நீங்க இன்னான்னு நெனச்சிக்கினு கீறீங்கம்மா?"

"புத்துநோய்தான்."

"ஆமாம்மா."

அவ்வளவுதான். அத்தை வெற்றிலையை மடித்து வாயில் போட்டுக்கொண்டார். பிறகு என் பக்கம் திரும்பி, "அவனுக்குத் தெரியும்னு எனக்குத் தெரியும். எனக்குத் தெரியும்னு அவங்கிட்ட சொல்லாத. பாவம், தாங்கமாட்டான்" என்றார். அம்மா தாங்கமாட்டார் என்று அவர் மறைக்க, மகன் தாங்கமாட்டான் என்று இவர் மறைத்தார். நடுவில் நான் இரண்டு பக்கமும் தலையாட்டிக்கொண்டிருந்தேன்.

எங்கள் சாதிக்காரர்கள் இடஒதுக்கீடு கேட்டு நடத்திய போராட்டம் சூடு பிடித்திருந்த காலம் அது. என் கணவர் எழுதிப்போட்ட வேலை மனுக்கள் ஒரு தகரப்பெட்டி நிறைய இருந்தன. அதனால் கூட்டங்களுக்கெல்லாம் தவறாமல் போவார். சாலை மறியல் என்று அறிவித்த அன்று காலை, கோடாலியைத் தோளில் போட்டுக்கொண்டு கிளம்பினார்.

அவர் போன பிறகு அத்தை என்னிடம் கேட்டார். "இடஒதுக்கீடுன்னா இன்னா? வெளக்கமா சொல்லு."

நூறு வேலை இருந்தால் அதில் இத்தனை இன்னாருக்கு என்று தனியாக எடுத்து வைப்பது என்று சொன்னேன். அவர் யோசித்தார்.

"எனக்கும்தான் வூட்ல பின்னால எடம் ஒதுக்கனீங்க. யாரு போராடிக் கேட்டா?"

சொல்லிவிட்டு அவரே சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. "நாங்க போகச் சொல்லலியே அத்தை" என்றேன்.

"சொல்லலதான்" என்றார்.

கள்ளக்குறிச்சி சாலையில் புளியமரங்களை வெட்டிக் குறுக்கே போட்டிருந்தார்கள். பஸ் இல்லை. மலைக்குப் போகிற பஸ்ஸும் இல்லை. எங்கோ போலீஸ் சுட்டுவிட்டது என்று பேச்சு வந்தது. மூன்றாம் நாள் போலீஸ் ஊர் ஊராக வந்து ஆண்களைப் பிடித்துக்கொண்டு போவதாகச் சொன்னார்கள். எங்கள் ஊர் ஆண்கள் கரும்புக்குள்ளும் மலைமேலும் போய்விட்டார்கள். என் கணவர் எங்கே என்று தெரியவில்லை. தெருவில் பெண்கள்தான் இருந்தோம்.

அத்தையின் வலி மாத்திரை நாலு நாளைக்கு இருந்தது. தூள் போடும் மாத்திரை இரண்டு நாளைக்கு. மறியல் முதல் நாளே மழை பிடித்துக்கொண்டதால், ஆவியில் வைத்த துணி எதுவும் காயவில்லை. ஈரத்துணியைக் கட்டினால் புண் ஓரம் வெந்துபோய் வெள்ளையாகிறது என்று ஏற்கெனவே கண்டிருந்தேன். என்ன செய்வது என்று கொல்லையில் நின்று யோசித்தபோது, வாழைக்கன்றில் சுருண்டு நின்ற குருத்திலை கண்ணில் பட்டது. இட்லித் தட்டில் துணிக்குப் பதில் வாழையிலை போட்டால் மாவு ஒட்டாமல் கழன்று வரும். மாவு ஒட்டாத இலையில் புண் மட்டும் ஒட்டுமா?

குருத்தை வெட்டி, கழுவி, இட்லிப் பானையில் ஆவி காட்டினேன். இலை துவண்டு பட்டுத்துணி மாதிரி ஆனது. ஆறவைத்து அத்தையிடம் காட்டினேன்.

"இன்னாடி இது, என்னிய இலையில வச்சிப் பரிமாறப் போறியா?"

"வச்சிப் பாக்கலாம் அத்தை. எரிஞ்சா உடனே எடுத்துடறன்."

"வையி. எம்மேல பாக்காம வேற யாருமேல பாப்ப?"

எரியவில்லை. குளிர்ச்சியாக இருக்கிறது என்றார். மறுநாள் எடுத்தபோது உப்புத் தண்ணீர்கூடத் தேவைப்படவில்லை. நுனியைப் பிடித்துத் தூக்கினேன், வந்துவிட்டது. ஒரு சொட்டு ரத்தம் இல்லை. நோட்டில் அதை எழுதி அடியில் இரண்டு கோடு போட்டேன். பத்தாவது தேறியபோதுகூட எனக்கு அவ்வளவு சந்தோஷம் வந்ததில்லை.

ஆனால் தூள் தீர்ந்து இரண்டாம் நாள் நாற்றம் லேசாகத் தலைகாட்டியது. அத்தை பின்னறைப் பக்கம் பார்த்தபடி பாயின் ஓரத்தைச் சுருட்டினார். அன்று வியாழக்கிழமை. பஸ் இல்லாததால் நர்ஸ் வரமாட்டார் என்றுதான் இருந்தேன். பதினோரு மணிக்கு வந்து நின்றார். சேலை முழங்கால்வரை சேறு.

"எப்படி வந்தீங்க?"

"ரோட்டுலதான் மரம் போட்டிருக்காங்க. மலையில எங்க ஒத்தையடிப் பாதையில யாரு போடப் போறாங்க? விடிய இறங்கனன்." பையிலிருந்து மாத்திரை அட்டைகளை எடுத்து வைத்தார். அதன் பிறகு குரலைத் தாழ்த்தி, "உங்க வூட்டுக்காரரு மேலதான் இருக்காரு. எங்க சித்தப்பா கொட்டாயில. நல்லா இருக்காரு. அம்மா எப்டி இருக்காங்கன்னு கேட்டாரு. நீங்க வந்து பாத்துக்கங்கன்னு சொல்லிட்டு வந்தன்" என்றார்.

வாழையிலையைப் பார்த்ததும் உட்கார்ந்துவிட்டார். எப்படி வெட்டினேன், எவ்வளவு நேரம் ஆவி, எந்தப் பக்கம் புண்ணின் மேல் என்று ஒவ்வொன்றாகக் கேட்டார். அன்றைக்கு மட்டும் அவர் கேள்விக்காரி, நான் பதில் சொல்கிறவள். "பளபளப்பான பக்கமா, சொரசொரப்பான பக்கமா?" என்று அவர் கேட்டபோதுதான், நான் அதைக் கவனிக்கவே இல்லை என்று தெரிந்தது. அடுத்த நாலு நாளும் மாற்றி மாற்றி வைத்துப் பார்த்தேன். பளபளப்பான பக்கம்தான் நல்லது.

சாலை திறந்து ஒரு வாரம் கழித்து என் கணவர் மலையிலிருந்து இறங்கி வந்தார். தாடி வளர்ந்திருந்தது. வாசலில் நின்று கூடத்தைப் பார்த்தார். அம்மா ஜன்னலோரம் உட்கார்ந்து அவரைக்காய் ஆய்ந்துகொண்டிருந்தார். அவர் மறியலுக்குப் போகும் முன்பே அம்மா கூடத்துக்கு வந்துவிட்டார்தான். ஆனால் இவர் அதுவரை அந்த ஜன்னல் பக்கம் வந்து உட்கார்ந்ததே இல்லை.

"அந்த ரோட்டுல மரம் வெட்டனதுல நானும் ஒருத்தன்மா" என்றார். "நர்சம்மா மலையெறங்கி நடந்து வந்தாங்கன்னு மேல சொன்னாங்க. அப்பதான் ஒறச்சது."

"மரத்த வெட்டன. ஒனக்கு வேல வந்துதா?"

"தெரியலம்மா."

"சரி, ஒக்காரு. துன்னுட்டுப் பேசு."

தட்டை வாங்கிக்கொண்டு அவர் வழக்கம்போல் வாசலுக்குத் திரும்பினார். இரண்டடி வைத்தவர் நின்றார். திரும்பி வந்து அம்மாவின் பாய்க்குப் பக்கத்தில் உட்கார்ந்து, தலையைக் குனிந்துகொண்டு சாப்பிட்டார். அத்தை அவர் தட்டில் இன்னும் கொஞ்சம் குழம்பு ஊற்றச் சொல்லி எனக்குக் கையைக் காட்டினார். சாப்பிட்டு முடித்து, கை கழுவாமல் அப்படியே உட்கார்ந்து அவர் அழுதார். அத்தை அவரைக்காயை ஆய்ந்துகொண்டே, "எனக்குத் தெரியும்டா. எல்லாம் தெரியும்" என்றார். மறைத்தது போதும் என்று அவருக்கே தோன்றிவிட்டது போலும்.

அதற்குப் பிறகு ஒருநாள், வெகுநாளாக மனதில் இருந்ததைக் கேட்டேன். "ஒரு வருஷமா கட்டி இருந்திருக்கு. ஏன் அத்தை சொல்லல? வெக்கமா?" வெட்கம்தான் என்று எனக்குள் எப்போதோ முடிவு செய்திருந்தேன்.

"வெக்கமா? எனக்கா?" என்றார். "சொன்னா கழனிக்கு விடுவியா நீ? அந்த வருஷம் கரும்பு எப்டி நின்னுது பாத்தியா? வெட்டு முடியட்டும்னு இருந்தன். அதுக்கப்பறம் வெட்டன கட்டையில தழையற மறுதாம்புக்கு மண்ணு அணைக்கணும். அதுக்கப்பறம்..." கையை விரித்தார். "வேல முடியவே இல்ல."

எனக்கு அந்தப் பதில் பிடித்திருந்ததா, கோபம் வந்ததா என்று இன்றுவரை சொல்லத் தெரியவில்லை.

தையில் வலி மாறியது. அது முதுகெலும்புக்குப் போய்விட்டது என்றார் நர்ஸ். ஆறு மணி நேரத்தை நாலு மணி நேரம் ஆக்கினோம். நோட்டில் அரிவாள்கள் கூடின. கள்ளக்குறிச்சி டாக்டர் ஊசி எழுதிக் கொடுத்தார், அது இரண்டு மணி நேரம் கேட்டது. இதைவிட நல்ல மருந்து இருக்கிறது, வாயில் ஊற்றுகிற கசப்புத் தண்ணீர், ஆனால் நம் பக்கம் கிடைக்காது என்று நர்ஸ் சொன்னார். அது மார்ஃபின் என்பதும், கிடைத்திருந்தால் அந்தக் கடைசி மூன்று வாரம் வேறு மாதிரி இருந்திருக்கும் என்பதும் பல வருஷம் கழித்துத்தான் எனக்குத் தெரிந்தது. தெரிந்த அன்று ஒரு வேலையும் ஓடவில்லை.

என்னால் முடிந்தது புரட்டிப் படுக்கவைப்பது, முதுகுக்குத் தலையணை முட்டுக்கொடுப்பது, வாயை ஈரத்துணியால் துடைப்பது. என் கணவர் கால் பிடித்துவிடுவார். களை எடுக்கும் பெண்கள் வேலைக்குப் போகும்போதும் வரும்போதும் உள்ளே வந்து, எந்த வயலில் என்ன வேலை, யார் வரவில்லை என்று சொல்லிவிட்டுப் போவார்கள். பேச முடியாத நாட்களிலும் அத்தை கண்ணைத் திறந்து அதைக் கேட்டுக்கொள்வார். மாசி மாதம் ஒரு காலை, அவர்கள் அப்படிச் சுற்றி உட்கார்ந்து யாருடைய தண்ணீர் முறை என்று சண்டை போட்டுக்கொண்டிருந்தபோது, மூச்சு நின்றுவிட்டது. சண்டை போட்டவர்கள் சற்று நேரம் கழித்துத்தான் கவனித்தார்கள்.

மரம் வெட்டியதற்காக என் கணவர்மேல் போட்ட வழக்கு நாலைந்து வருஷம் கள்ளக்குறிச்சிக் கோர்ட்டில் கிடந்து, ஒருநாள் தள்ளுபடி ஆனது. அரசாங்க வேலை அவருக்கு வரவில்லை. கரும்பைத்தான் பார்த்தார். நர்ஸ் அடுத்த வருஷமே மாற்றலாகிப் போனார்.

அவர் போய் இரண்டு மாதம் இருக்கும். சங்கராபுரம் பக்கத்திலிருந்து ஒருவர் விசாரித்துக்கொண்டு வந்தார். மனைவிக்குக் கன்னத்தில் புண், ஓட்டையாகிவிட்டது, குடித்த கஞ்சி வெளியே வருகிறது, வீட்டில் யாரும் கிட்டப் போவதில்லை என்றார். மாற்றலாகிப் போன நர்ஸ்தான் எங்கள் ஊரைச் சொல்லியிருந்தாராம். எனக்குக் கன்னத்தைப் பற்றி ஒன்றும் தெரியாது. அதைச் சொன்னேன். "பரவால்ல, வந்து பாருங்கம்மா" என்றார்.

பஸ் பிடித்துப் போனேன். அந்த அம்மா சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்திருந்தார். பாயில் உட்கார்ந்தேன். அவர் முந்தானையால் கன்னத்தை மூடிக்கொண்டு திரும்பி, "யாரு நீ? நர்சா?" என்று குழறினார்.

"இல்லீங்க. பக்கத்து ஊருதான்" என்றேன். "கொஞ்சம் பாக்கலாமா?"

அவர் யோசித்துவிட்டு, முந்தானையை எடுத்தார்.